மாடு முட்டிய காயமும் மறுமுறைச் சீட்டும்

கால்நடை வைத்துப் பிழைப்பவனுக்குக் காயம் புதிதன்று. பால் கறக்கையில் உதைபடுதல், மூக்கணாங்கயிறு மாற்றுகையில் கொம்பு படுதல், வண்டியில் பூட்டுகையில் கால் மிதிபடுதல் முதலியவை கொங்கு நாட்டில் தோட்டந்தோறும் நிகழ்வன. இவற்றுள் பெரும்பாலானவை மஞ்சளும் துணியுமாகக் கட்டுத்தரையிலேயே முடிந்துவிடுகின்றன. சில மட்டும் ஆஸ்பத்திரி வரையில் போகின்றன. அவ்விதம் போனவற்றுள் மாட்டினால் நேர்ந்தவை எத்தனை, நாயினால் நேர்ந்தவை எத்தனை, காயம்பட்டவர்கள் டாக்டர் குறித்த நாளில் மறுபடியும் சென்றார்களா, காயம் ஆறிற்றா, கை கால் முடமாயிற்றா என்று கேட்டால் விடை சொல்லுவதற்குரிய கணக்குக் கிடைப்பது அரிது. இது எழுத்து வேலையைப் பற்றிய சிறு குறையென்று பலர் எண்ணக்கூடும். உயிரோடு சம்பந்தப்பட்ட குறை என்பதே உண்மை.

கோயமுத்தூரிலிருந்து சத்தியமங்கலத்திற்குச் செல்லும் சாலையிலுள்ள கணபதி முன்னாளில் தோட்டங்கள் சூழ்ந்த தனிக் கிராமம். இன்று அது மாநகராட்சியைச் சேர்ந்தது. பவுண்டரிகளும் இயந்திரப் பட்டறைகளும் மலிந்தது. அச்சாலையிலேயே இன்னும் வடக்கே சென்றால் சரவணம்பட்டியில் கம்ப்யூட்டர் கம்பெனிகளின் கட்டடங்கள் எழுந்து நிற்கின்றன. கோயமுத்தூரில் அத்தகைய கம்பெனிகள் சிலவற்றில் நடைபெறும் ஒரு தொழிலுக்கு மெடிக்கல் கோடிங் என்று பெயர். அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் வைத்தியக் குறிப்புகளைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் காயத்திற்கும் உரிய குறியீட்டை எழுதி அனுப்புவதே அவ்வேலை. அதைக் கொண்டுதான் அந்நாட்டு ஆஸ்பத்திரிகள் இன்ஷூரன்ஸ் கம்பெனிகளிடம் பணம் கேட்கின்றன. குடியானவர் வீட்டுப் பிள்ளைகளும் இத்தொழிலில் இருக்கிறார்கள்.

அமெரிக்காவில் ஒரு பால்பண்ணைக்காரனைப் பசு உதைத்தால் அதற்கு டபிள்யூ 55.22 என்ற குறியீடு உண்டு. பசு கடித்தால் 55.21. பன்றி கடித்தால் 55.41. இவற்றையெல்லாம் கோயமுத்தூரில் உட்கார்ந்துகொண்டு பிழையின்றி எழுதும் ஒரு பெண்ணின் தகப்பனாரை அவர் தோட்டத்துக் காளை முட்டித் தள்ளியதென்று வைத்துக்கொள்வோம். அவருக்குக் கொடுக்கப்படும் வெளிநோயாளிச் சீட்டில் 'இடுப்பு வலி' என்று மட்டுமே இருக்கக்கூடும். காளைக்கு அதில் இடமிராது. அயல்நாட்டுப் பசுவின் உதைக்கு உள்ள கௌரவம் காங்கயம் காளையின் முட்டுக்கு இல்லாமற்போவது விந்தையே.

இக்குறியீடுகள் எங்கிருந்து வந்தன என்பதைச் சுருக்கமாக அறிதல் நலம். 1893-ம் ஆண்டில் பிரெஞ்சுப் புள்ளிவிவர நிபுணரான ழாக் பெர்த்தியோன் என்பவர் மரண காரணங்களுக்கு ஒரு ஜாபிதா வகுத்தார். எந்த நாட்டில் எவர் எதனால் இறந்தாலும் ஒரே பெயரால் எழுதப்பட்டால்தான் ஒப்பிட்டுப் பார்க்க முடியும் என்பது அதன் நோக்கம். 1948-ல் உலக சுகாதார ஸ்தாபனம் அதை ஏற்று, மரணங்களோடு நோய்களையும் காயங்களையும் அதில் சேர்த்தது. அதன் பத்தாம் பதிப்பு 1990-ல் அங்கீகரிக்கப்பட்டது. பதினோராம் பதிப்பு 2022 ஜனவரி முதல் அமலில் உள்ளது. அமெரிக்கர்கள் பத்தாம் பதிப்பைத் தங்கள் தேவைக்கேற்ப விரித்து 2015 அக்டோபர் முதல் கையாளுகின்றனர். வாத்து தாக்கியதற்குக்கூடத் தனிக் குறியீடு இருப்பதைக் கண்டு அப்போது பலர் நகைத்தார்கள். வாத்து வளர்ப்பவர்கள் நகைத்திருக்கமாட்டார்கள்.

உலகப் பொதுப் பதிப்பில் காயத்தின் தன்மை ஒரு குறியீட்டாலும், அது நேர்ந்த காரணம் மற்றொரு குறியீட்டாலும் எழுதப்படும். எலும்பு முறிவு ஒன்று. முறித்தது எது என்பது மற்றொன்று. நாய் கடித்தாலும் மோதினாலும் டபிள்யூ 54. மற்ற பாலூட்டிப் பிராணிகளில் பெரும்பாலானவை டபிள்யூ 55. நச்சுப் பாம்பு எக்ஸ் 20. இவற்றின் பின் ஒரு புள்ளியிட்டு, நிகழ்ந்த இடத்தையும் எழுதலாம்: வீடு என்றால் 0, வீதி என்றால் 4, பண்ணை நிலம் என்றால் 7. பண்ணைக்குள் இருக்கும் வீடும் அதன் வாசலும் பண்ணையில் சேரா என்று ஒரு விதியும் உண்டு. தோட்டத்திலேயே சாளை கட்டி, வாசலுக்கு நாலடி தள்ளிக் கட்டுத்தரை வைத்திருக்கும் கொங்குக் குடியானவருக்கு எது வீடு, எது பண்ணை என்று அவ்விதியை வகுத்தவர்கள் வந்து காட்டினால்தான் விளங்கும்.

இதைவிடப் பெரிய சங்கடம் டபிள்யூ 55 என்ற ஒரே பெட்டியில் ஆடு, மாடு, குதிரை, குரங்கு, காட்டுப்பன்றி, யானை எல்லாம் அடைபடுவது. மேற்கு மலைத்தொடரின் அடிவாரத்தில், தடாகம் பக்கத்திலோ மதுக்கரைப் பக்கத்திலோ யானையால் காயம்பட்டவனும், வெள்ளாட்டுக் கிடா முட்டியவனும் அப்பெட்டிக்குள் ஒன்றே. ஆகவே எண் மட்டும் போதாது. பிராணியின் பெயரும் சொல்லால் எழுதப்படவேண்டும்.

மறுமுறைச் சிகிச்சையில்தான் இரு பதிப்புகளும் வெகுவாக வேறுபடுகின்றன. அமெரிக்கப் பதிப்பில் காயக் குறியீட்டின் ஏழாவது இடத்தில் ஓர் எழுத்து வரும். காயத்திற்கு நேரான சிகிச்சை நடக்கும் வரையில் ஏ. அது முடிந்து ஆறிவரும் காலத்து வருகைகளுக்கு டி. ஆறியபின் தங்கிவிட்ட முடம், தழும்பு முதலிய பின்விளைவுகளுக்கு எஸ். ஏ என்பது முதல் வருகையைக் குறிப்பதென்று புதிதாகத் தொழில் கற்பவர்கள் பிழையாக எண்ணுவதுண்டு. வருகையின் வரிசையை அல்ல, சிகிச்சையின் நிலையையே அது குறிப்பது. எந்த நிலையிலும் பசுவின் பெயர் விட்டுப்போவதில்லை. ஆறு மாதம் கழித்து முழங்கால் மடங்கவில்லை என்று வருபவனுடைய ஏட்டிலும் பசு நின்றுகொண்டிருக்கிறது. பொதுப் பதிப்பிலோ பின்விளைவு என்று வந்துவிட்டால் ஒய் 86 என்னும் ஒரே எண்தான். 'மற்ற விபத்துக்களின் பின்விளைவு' என்பது அதன் பொருள். ஏணியிலிருந்து விழுந்தவனும் எருது முட்டியவனும் அங்கே ஒருவரே. பிராணியின் சுவடு அங்கே அழிந்துபோகிறது.

இவ்வளவு நுட்பம் நம் நாட்டுக்கு எதற்கு என்று கேட்பவர்கள் குன்னூரின் பழைய சரித்திரத்தைச் சற்று நோக்கவேண்டும். 1900-ல் இமயமலைச் சாரலில் கசௌலியில் பாஸ்டர் நிலையம் ஏற்பட்டது. தென்னாட்டில் வெறிநாய் கடித்தவர்கள் சிகிச்சைக்காக அவ்வளவு தூரம் பிரயாணம் செய்யவேண்டியிருந்தது. 1902-ல் இவ்விதம் கடிபட்ட ஓர் இளம் ஆங்கிலப் பெண் நீர்வெறுப்பு நோயால் இறந்தாள். அச்சம்பவம் எழுப்பிய கிளர்ச்சியாலும், அமெரிக்கரான ஹென்றி பிப்ஸ் என்பவர் ராஜப்பிரதிநிதி கர்சன் பிரபுவிடம் அளித்த நன்கொடையிலிருந்து ஒரு லட்சம் ரூபாய் ஒதுக்கப்பட்டதாலும், 1907-ல் குன்னூர் நிலையம் திறக்கப்பட்டது. அதே நன்கொடையின் பெரும்பகுதியைக் கொண்டே பூசாவில் விவசாய ஆராய்ச்சி நிலையம் நிறுவப்பட்டது. பயிருக்கும் கடிபட்ட மனிதனுக்கும் ஒரே பணம் உதவியதை விவசாயிகள் அறிந்திருத்தல் தகும். மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்கு மலை ரயில் 1899-லேயே ஓடத்தொடங்கிவிட்டபடியால், கோயமுத்தூர்க் குடியானவருக்கு அந்நிலையம் எட்டும் தூரத்தில் அமைந்தது.

பாஸ்டர் நிலையங்களின் ஆண்டறிக்கைகளில் கவனிக்கத்தக்கது அவற்றின் கணக்கு. கடித்த பிராணி நாயா, நரியா, வேறொன்றா, உடலில் கடிபட்ட இடம் எது, கடிபட்டு எத்தனை நாட்களுக்குப் பின் வந்தனர், சிகிச்சையை முடித்தனரா, இறந்தவர் எத்தனை பேர், எப்போது என்றெல்லாம் அவை வகைப்படுத்தின. 1927-ல் பாரிஸில் சர்வதேச மகாநாடு கூடியபின், இவ்வறிக்கைகளை ஒன்றுதிரட்டி ஒப்பிடும் பணியைச் சர்வதேச சங்கத்திற்காக மக்கென்ட்ரிக் செய்தார். அவர் முன்னர் கசௌலியில் பணியாற்றியவர். தொற்றுநோய் பரவும் விதத்தைக் கணிதத்தால் விளக்கிப் பெயர்பெற்றவர். கம்ப்யூட்டர் இல்லாத காலத்தில், மையும் கோடு போட்ட காகிதமும் கொண்டு அவ்வளவும் செய்யப்பட்டது.

இன்றைய நிலையைப் பார்ப்போம். 2024-ம் ஆண்டில் தமிழ்நாட்டில் சுமார் 4.8 லட்சம் நாய்க்கடிகள் பதிவாயின. வெறிநோயால் 43 பேர் இறந்தனர். இந்த 4.8 லட்சம் என்ற எண்ணை ஆராயும்போது முதலில் எழவேண்டிய கேள்வி ஒன்று உண்டு. நாய்க்கடிக்குத் தோலுக்குள் போடும் தடுப்பூசி நான்கு நாட்களில் போடப்படுகிறது: முதல் நாள், அதிலிருந்து 3-ம் நாள், 7-ம் நாள், 28-ம் நாள். ஒரே மனிதன் நான்கு தடவை வரும்போது, முதல் வருகையென்றும் மறுவருகையென்றும் ஏட்டில் பிரித்து எழுதாத ஆஸ்பத்திரியில் அவன் நான்கு நாய்களால் கடிபட்டவனாகி விடுவான். பிரித்து எழுதினாலும், முதல் ஊசிக்கு வந்தவர்களுள் நான்காம் ஊசிக்கு வந்தவர் எத்தனை பேர் என்பதை மொத்த எண் ஒன்று மட்டும் சொல்லாது. மருந்து எவ்வளவு வாங்குவது, எந்தக் கிராமத்தில் நாய்களுக்கு ஊசி போடுவது, எந்த வீட்டுக்கு ஆளனுப்பி மறுபடியும் அழைப்பது என்பனவெல்லாம் அதைப் பொறுத்தவை.

பாதியில் நிறுத்துவோரில் இரு வகையினர் உண்டு. கடித்த நாய் பத்து நாள் கழிந்தும் நலமாயிருப்பதைக் கண்டு, டாக்டரின் யோசனைப்படி நிறுத்தியவர் ஒரு வகையினர். காயம் ஆறிவிட்டது, இனி எதற்கு என்று தாமே நின்றுவிட்டவர் மற்றவர். முன்னவருக்கு அபாயமில்லை. பின்னவருக்கு உண்டு, ஏனெனில் வெறிநோய் சாதாரணமாக இரண்டு மூன்று மாதம் கழித்து வெளிப்படுவது, சிலருக்கு ஓராண்டுகூடச் செல்லும். வெளிப்பட்டபின் பிழைத்தவர் மிக மிக அரியர். பத்து நாள் பார்த்திருக்கும் முறை நாய்க்கும் பூனைக்கும் மட்டுமே பொருந்தும். மாட்டுக்கும் குரங்குக்கும் பொருந்தாது. பிராணியின் பெயர் சீட்டில் இல்லாவிடில், நின்றுபோனவர் எவ்வகையினர் என்பதை மூன்றாம் வாரத்தில் ஏட்டைப் புரட்டும் நர்ஸ் எப்படி அறிவார்? முதியோர் சிலர் ஊசிக்கே அஞ்சுவதும் உண்டு. ஆட்டு மூளையிலிருந்து தயாரித்த மருந்தை வயிற்றில் பதினான்கு நாள் குத்திய காலம் அவர்கள் நினைவில் இருக்கிறது. 1911-ல் செம்பிள் என்பவர் கசௌலியில் கண்ட அம்மருந்து இந்தியாவில் 2004-ம் ஆண்டோடு நின்றுவிட்டது. இப்போது போடுவது கைகளின் தோலில் சிறு துளியளவே. இதைப் பக்குவமாக எடுத்துச் சொல்லும் கடமை வீட்டு இளைஞர்களைச் சேர்ந்தது.

கடியே இல்லாமல் வரும் அபாயம் ஒன்றைக் கால்நடை வைத்திருப்போர் முக்கியமாக அறியவேண்டும். கணபதியில் வீட்டின் பின்புறம் இரண்டு கறவை மாடுகள் வைத்திருக்கும் ஓர் அம்மாள் இருக்கிறார் என்று கொள்வோம். ஒரு மாடு தீனி தின்னாமல் வாயில் எச்சில் ஒழுக நிற்கிறது. தொண்டையில் ஏதோ அடைத்திருக்கிறதென்று எண்ணி அவர் வாய்க்குள் கையை விட்டுப் பார்க்கிறார். இவ்வழக்கம் நாட்டில் எங்கும் உண்டு. அம்மாட்டை ஒன்றிரண்டு மாதங்களுக்கு முன் வெறிநாய் கடித்திருந்தால், அந்த எச்சிலில் விஷம் இருக்கும். கையில் சிறு கீறல் இருந்தாலும் போதும். அவர் ஆஸ்பத்திரிக்குப் போய் 'மாட்டுக்கு வாய் பார்த்தேன்' என்றால், நாய்க்கடி வரிசையிலும் அவர் சேரார், மாடு முட்டிய வரிசையிலும் சேரார். சர்வதேச ஏட்டில் இதற்கும் இடமுண்டு: வெறிநோய்த் தொடர்பு நேர்ந்ததாக ஐயுறப்படுபவருக்கு இஸட் 20.3. அந்த ஒரு வரி எழுதப்பட்டால் அவர் நான்கு ஊசிக்கும் அழைக்கப்படுவார். எழுதப்படாவிடில் களிம்போடு வீடு திரும்புவார். பாலைக் காய்ச்சிக் குடித்தவர்களுக்குப் பயமில்லை. எச்சில் பட்டவர்கள் சோப்பும் ஓடும் நீரும் கொண்டு கால்மணி நேரம் கழுவி உடனே ஆஸ்பத்திரிக்குச் செல்லவேண்டும்.

இங்கே கால்நடை டாக்டரின் ஏடும் மனித டாக்டரின் ஏடும் ஒன்றையொன்று அறியாதிருப்பது பெருங்குறை. நாய் கடித்த மாட்டுக்கு ஊசி போட்ட கால்நடை மருந்தகத்தில் அம்மாட்டைக் கையாண்டவர் யாரென்று கேட்டெழுதினால் போதும். சுகாதார நிலையத்திற்கு ஒரு வார்த்தை சொல்லியனுப்பலாம். சரவணம்பட்டியில் கால்நடைப் பல்கலைக்கழகத்தின் பயிற்சி ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. கோயமுத்தூரில் மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரி இருக்கிறது. இடையே உள்ள தூரம் நகரப் பஸ் போகும் தூரமே.

வெறிநோய் போன்ற பயங்கரம் மாட்டின் உதையில் இல்லை. ஆயினும் அதன் நஷ்டம் அற்பமன்று. தொடை எலும்பு முறிந்த குடியானவன் மறுமுறை செல்லும்போது சீட்டில் 'மாக்கட்டுப் பிரிக்க' என்று எழுதப்படுகிறது. அதற்கடுத்த முறை 'வலி'. ஓராண்டு கழித்து முடம் நிலைத்துவிட்ட பின்னர், முதலமைச்சரின் உழவர் பாதுகாப்புத் திட்டத்திலோ, காட்டுவிலங்கால் காயமானால் வனத்துறையிலோ உதவி கேட்க நேர்ந்தால், விபத்தினால் வந்ததென்று காட்டுவதற்கு அவன் கையில் இருப்பது வலி என்ற சீட்டே. முதற்சீட்டை யார் பத்திரப்படுத்தினார்கள்? கடையில் மாத்திரை வாங்கியவுடன் அது கசங்கிப்போயிற்று.

அரசாங்கத்தின் வாராந்தர நோய்க் கணிப்புப் படிவங்களில் நாய்க்கடிக்கும் பாம்புக்கடிக்கும் தனி இடம் உண்டு. மாடு முட்டியதற்கு இல்லை. 2024 நவம்பரில் தமிழ்நாடு அரசு பாம்புக்கடியைக் கட்டாயம் அறிவிக்கவேண்டியவற்றுள் சேர்த்தது மிகவும் பாராட்டத்தக்கது. கால்நடைக் காயத்துக்கும் அவ்வளவு கடுமை வேண்டுமென்று சொல்லுவது மிகையாகும். சீட்டில் ஒரு வரி வேண்டுமென்பது மிகையாகாது.

ஆஸ்பத்திரிகளில் கூட்டம் நெரிகிறது, நூறு பேரைப் பார்க்கும் டாக்டர் எண்களையும் தேடவேண்டுமா என்பர். இந்த ஆட்சேபம் நியாயமானதே. டாக்டர் எண் எழுதவேண்டியதில்லை. 'மாடு முட்டியது, தோட்டத்தில், இரண்டாம் வருகை' என்று தெளிந்த தமிழில் சீட்டுக் கொடுக்குமிடத்திலேயே எழுதிவிட்டால், எண்ணைப் பிறகு வேறொருவர் இட்டுக்கொள்ளலாம். அந்த வித்தை தெரிந்தவர்கள் இந்த ஜில்லாவில் ஏராளமாக இருக்கிறார்கள். அயல்நாட்டுக்கு எழுதிக்கொடுப்பதில் கைதேர்ந்தவர்களுக்கு உள்ளூர் ஏடு கடினமாயிராது. அவர்களுள் சிலரைச் சம்பளத்திற்கு அமர்த்துவது அரசாங்கத்திற்குத் தாங்க முடியாத செலவுமன்று.

ஆனால் எழுதுபவர் எழுதவேண்டுமானால் சொல்லுபவர் சொல்லவேண்டும். மாட்டால் காயம் என்று சொல்ல வெட்கப்படும் வழக்கம் நம்மவரிடம் உண்டு. பூச்சிக்காளை வைத்திருப்பவன் தன் காளை தன்னையே முட்டிற்று என்று நாலுபேர் முன்னிலையில் சொல்ல விரும்புவதில்லை. வண்டியிலிருந்து விழுந்துவிட்டதாகச் சொல்லுகிறான். ஜல்லிக்கட்டில் காயமுற்றவன் அதைப் பெருமையாகச் சொல்லுகிறான். கட்டுத்தரையில் காயமுற்றவன் மறைக்கிறான். கொம்பால் நேர்ந்த காயம் வெளியே சிறிதாயும் உள்ளே ஆழமாயும் இருப்பது. விழுந்த காயமென்று எண்ணி மேலே மருந்திட்டால் உள்ளே சீழ்கட்டும். மாட்டுச் சாணம் பட்ட இடத்தில் ரணஜன்னி வரவும் கூடும். டாக்டரிடம் சொன்ன பொய் முதலில் தண்டிப்பது சொன்னவனையே.

மறுமுறை நாட்களை நினைவில் வைப்பது கடினமென்பது ஒரு சாக்கு. சந்தைக் கிழமையைக் கொண்டு எதையும் கணக்கிடும் குடியானவருக்கு இது எளிது. திங்கட்கிழமை முதல் ஊசி போட்டால், இரண்டாவது வியாழக்கிழமை; மூன்றாவது அடுத்த திங்கட்கிழமை; நான்காவது அதற்கப்பால் மூன்று வாரம் சென்று வரும் திங்கட்கிழமை. சந்தையன்று முதல் ஊசி போட்டவனுக்கு மூன்றாம் ஊசி அடுத்த சந்தையிலும், கடைசி ஊசி நான்காவது சந்தையிலும் விழும். இடையிலுள்ள இரண்டு சந்தைகளுக்கு ஊசி இல்லை. அந்த இடைவெளியில்தான் மறதி நேர்கிறது. முதற்சீட்டின் பின்புறம் இந்த நான்கு கிழமைகளையும் எழுதி வாங்கிக்கொண்டு, பால் கணக்கு நோட்டில் செருகி வைப்பது நலம். அந்நோட்டை மட்டும் எந்த வீட்டிலும் தொலைப்பதில்லை.